சங்கிலியை எப்ப இழுக்கணும்

சீட்டு காலிதானுங்க, உக்காருங்க. பையை மேல போட்டுருங்க, அறச்சலூர்ல பஸ்ஸுல கூட்டம் ஏறும். தாராபுரமுங்களா? நான் காங்கேயத்துல எறங்கிக்குவேன். என்ற பெரிய பொண்ணைப் பாக்கப் போறேன். பாத்து நாலரை மாசம் ஆச்சு.

உங்க கையில இருக்கறது ரிசர்வேஷன் டிக்கெட்டுதானுங்களே? தப்பா நெனைக்காதீங்க, அந்தக் காகிதத்தைக் கண்டா எனக்குக் கண்ணு தானா போயிரும். பதினேழு வருஷம் ரயில்வே. இப்ப சஸ்பென்ட்ல இருக்கேன், அதை அப்பறம் சொல்றேன். டெல்லி வரைக்கும் நாலு பேரு, அதுல ரெண்டு புள்ளைங்க. புள்ளைங்களுக்கு இதுதான் முதல் ரயிலா?

நல்லதுங்க. ஆனா சும்மா கூட்டிட்டுப் போகாதீங்க. சொல்லிக் குடுத்துக் கூட்டிட்டுப் போங்க. நம்ம சனம் என்ன பண்ணுது? ஏறுனதும் புள்ளைக்கு ஜன்னல் சீட்டு, கையில ஒரு முறுக்குப் பொட்டலம், சித்த நேரத்துல செல்போனு. ரெண்டு பகல் ரெண்டு ராத்திரி போயிட்டு வந்து, என்னடா பாத்தேன்னு கேட்டா ஐஸ்கிரீம் தின்னேங்குது. ஆட்டை ஏத்தி எறக்கற மாதிரி. எனக்கு அது புடிக்காதுங்க. நான் செஞ்ச மாதிரி செய்யணும்.

நான் ஃபிட்டரு. ரயில் பெட்டிக்குப் பிரேக்குப் பாக்கற வேலை. எஞ்சின் ஓட்டறவனுக்குத்தான் பேரெல்லாம், ஆனா வண்டி நிக்கறது எங்க கையில. இருபத்திநாலு பெட்டிக்கும் அடியில ஒரே குழாய் ஓடுதுங்க. அதுல அஞ்சு கிலோ அழுத்தத்துல காத்து. அந்தக் காத்து இருக்கற வரைக்கும் வண்டி ஓடும். எங்கியாச்சும் ஒழுகுச்சுன்னா பிரேக்கு புடிச்சுக்கும். எல்லாரும் காத்து உள்ள போனாத்தான் பிரேக்கு புடிக்கும்னு நெனைக்கறாங்க. அப்படியே தலைகீழு. இது உங்களுக்குத் தெரியுமா? தெரியாதில்ல. என்ற மூத்த பொண்ணு பிரணிதாவுக்குத் தெரியும். பத்து வயசு.

ஏப்ரல் மாசம் பூரா பாடம் எடுத்தேனுங்க. ரயில்வே குவார்ட்டர்ஸ், முன் ரூமு. சாயங்காலம் ஆறு மணிக்கு பிரணிதாவையும் சின்னவ மித்ராவையும் உக்கார வெச்சிருவேன். மித்ராவுக்கு நாலு வயசு. தரையில சாக்பீஸ்ல தண்டவாளம் போட்டு, தீப்பெட்டியை வரிசையா நிறுத்தி, ஊடால ஸ்ட்ரா சொருகி, இதுதான் காத்துக் குழாய்னு காட்டுவேன். பச்சைன்னா போ. ரெட்டை மஞ்சள்னா அடுத்தது மஞ்சள் இருக்கும், பாத்துப் போ. ஒத்தை மஞ்சள்னா அடுத்ததுல நிக்கத் தயாராப் போ. சிவப்புன்னா நில்லு. எந்த அப்பன் இப்படி உக்காந்து சொல்லித் தர்றான், சொல்லுங்க.

தப்பாச் சொன்னா மரஸ்கேல்ல ஒண்ணு. கையில இல்லீங்க, எழுதற கை, அதுல நான் அடிக்கவே மாட்டேன். கணுக்கால்ல. அதெல்லாம் அடியில சேத்தியே இல்லை. எங்கப்பா எங்களைப் பெல்ட்டுல வெளாசுவாரு, நாங்க என்ன செத்தா போயிட்டோம்? அந்த மாசத்துல மூணு ஸ்கேல் ஒடைஞ்சுது. இப்ப வர்ற ஸ்கேலு எல்லாம் மட்டமான மரம்.

என்ற சம்சாரம் சுகந்தி அடுப்படியிலயே நின்னுக்குவா. எட்டிப் பாக்க மாட்டா. ஒரு தடவை மட்டும், "ஏனுங்க, லீவுக்குத்தானுங்க போறோம், பரீட்சைக்கா போறோம்"ன்னா. சொன்னவ கையில தோசைக் கரண்டி இருந்துச்சு. அதை வாங்கி, அதாலயே ரெண்டு போட்டேன். அதுக்கப்பறம் அவ பாடத்துல தலையிடலை.

கடைசிப் பாடந்தான் வண்டியை நிறுத்தற அபாயச் சங்கிலி. எங்களுக்குச் சங்கிலின்னா கோயில் கர்ப்பக்கிரகம் மாதிரிங்க. கண்டவன் கை வெக்கக் கூடாது. ஒருத்தன் ஸ்டேஷன்ல டீ குடிக்க எறங்கிட்டான்னு அவன் பொண்டாட்டி இழுப்பா. பின்னாடி ஏழு வண்டி நிக்கும். நாங்க எத்தனை பேர் வேகாத வெயில்ல அடியில படுத்து அந்தப் பிரேக்கைச் சரி பண்ணி அனுப்பறோம். அதனால இதை மட்டும் நூறு தடவை சொல்ல வெச்சேன். நான் கேப்பேன், பிரணிதா சொல்வா.

"பை தவறி வெளிய விழுந்திருச்சு. இழுக்கலாமா?"

"கூடாது."

"அப்பா தண்ணி புடிக்க எறங்கினேன், வண்டி கெளம்பிருச்சு. இழுக்கலாமா?"

"கூடாது."

"பின்ன எப்ப இழுக்கணும்?"

"உயிர் போற காரியத்துக்கு மட்டும்."

பரவாயில்லைன்னு எந்திரிச்சேன். அதுக்கு அவ ஒரு கேள்வி கேட்டா பாருங்க. "ஆள் விழுந்ததுக்கு அப்பறம் இழுக்கறதாப்பா, விழறதுக்கு முன்னாடியே இழுக்கறதாப்பா?" எனக்குப் பெருமை தாங்கலை. எங்க சூப்பர்வைசரே அப்படிக் கேக்க மாட்டாரு. தூக்கி மடியில வெச்சு, "விழறதுக்கு முன்னாடியே இழுத்தாத்தான் அம்மிணி ஆள் பொழைக்கும்"ன்னு சொன்னேன். சொல்லிப்போட்டேன். அந்த ஒரு வாய்தான் எனக்கு வெனையாப் போச்சு.

மே மாசம் கெளம்பினோம். எனக்குப் பாஸு. ஏசியிலயே போயிருக்கலாம், நான்தான் வேண்டாம்னேன். கண்ணாடிக்குள்ள உக்காந்தா சிக்னல் தெரியாது, சத்தம் கேக்காது. சாதாப் படுக்கை வசதிப் பெட்டி. ஈரோட்டுல வண்டி நின்னதும் புள்ளைங்களைக் கூட்டிட்டுப் போயி, ரெண்டு பெட்டிக்கும் ஊடால இருக்கற குழாயைக் காட்டினேன். மித்ராவைத் தூக்கிப் புடிச்சு, சக்கரத்துக்குப் பக்கத்துல எங்க ஆளு சாக்பீஸ்ல போட்டிருந்த குறியைக் காட்டினேன். "இது அப்பா எழுதினதா?"ன்னு கேட்டா. ஆமான்னு சொன்னேன். பொய்தான், ஆனா எம்மேல அத்தனை ஆசையாப் பாத்துச்சுங்க அந்தப் புள்ளை. அன்னைக்கு நான் சந்தோஷமா இருந்தேன். அதை யாரும் எழுதி வெக்கலை. மத்ததை மட்டும் கேஸ் பேப்பர்ல எழுதி வெச்சிருக்காங்க.

எங்க பக்கத்துல எதிர் சீட்டுல ஒரு நர்ஸ் அம்மா. மலையாளி, அம்பது வயசு இருக்கும், பேரு ரோசிலி. டெல்லியில ஏதோ ஆஸ்பத்திரியில வேலை, லீவு முடிஞ்சு போயிட்டிருந்தாங்க. தமிழ் தெரியும், இந்தி தெரியும். புள்ளைங்களுக்கு நேந்திரங்கா சிப்ஸ் குடுத்தாங்க. நானும் மரியாதையாத்தான் பேசினேன்.

ரெண்டாவது நாள் மத்தியானம். தெலுங்கு தேசமெல்லாம் தாண்டி, நாக்பூர் இன்னும் வரலை. பாத்தீங்கன்னா அந்தப் பக்கம் மே மாசம் தகரத்தைக் காய வெச்ச மாதிரி இருக்கும். அப்பத்தான் நான் வேகம் கண்டுபுடிக்கற பாடத்தை ஆரம்பிச்சேன். ஒரு கிலோமீட்டர் கல்லுல இருந்து அடுத்த கல்லு வர்றதுக்குள்ள எத்தனை செகண்டுன்னு எண்ணணும். மூவாயிரத்து அறுநூறை அதால வகுத்தா வண்டியோட வேகம். நாப்பது செகண்டுன்னா தொண்ணூறு. முப்பத்தாறுன்னா நூறு. பிரணிதா டக்கு டக்குன்னு சொன்னா. கடிகாரமே இல்லாம, வாய்க்குள்ளயே எண்ணி. நானும் அப்படித்தான், எனக்கும் எண்ணிப் பழக்கம்.

அப்பறம் ஒரு கல்லு. முப்பத்திமூணு செகண்டு. "எவ்வளவு?"ன்னேன். ஜன்னல்ல இருந்து தலையை எடுக்காம "நூத்தியேழு"ங்கறா. நூத்தியொம்பதுங்க. ரெண்டு கிலோமீட்டர் வித்தியாசம் உங்களுக்குச் சின்னதாத் தெரியும். ரயில்வேயில அது ஒரு உயிரு. மறுக்கா கேட்டேன். "தூக்கம் வருதுப்பா"ன்னா.

ஒண்ணே ஒண்ணு வெச்சேன். முகம் ஜன்னல் பக்கம் இருந்துச்சு, கம்பியில மோதிருச்சு. மூக்குல ரத்தம் வந்துச்சு. வெயில் காலத்துல அவளுக்கு எப்பவும் வர்றதுதான்.

அந்த நர்ஸ் அம்மா எந்திரிச்சாங்க. "எந்தா சாரே இது, குழந்தையை இப்படி அடிக்கறது"ன்னுட்டு, கேக்காம கொள்ளாம பிரணிதா மூக்கைப் புடிச்சு, தலையைக் குனிய வெச்சு, தண்ணி தொட்டுத் தொடைக்கறாங்க. மித்ரா அழுதுட்டே ஓடி அவங்க சேலையைப் புடிச்சுக்கிட்டு நிக்குது. என்ற புள்ளைங்க ரெண்டும் ஒரு முன்ன பின்ன தெரியாதவ கிட்ட. பெட்டியில அத்தனை பேரும் எங்களையே பாக்கறாங்க. எனக்கு ஒடம்பெல்லாம் எரிஞ்சுது.

"மித்ரா, இங்க வா"ன்னேன். வரலை. சேலையை இன்னும் இறுக்கிப் புடிக்குது. கையைப் புடிச்சு ஒரு இழு இழுத்தேன். அவ்வளவுதானுங்க. முழங்கை எறங்கிப் போச்சு. அந்தப் புள்ளை போட்ட சத்தத்துல அடுத்த பெட்டியில இருந்து ஆள் வந்துட்டாங்க. கை தொங்குது. நர்ஸ் அம்மா மடியில போட்டு, முழங்கையில பெருவெரலை வெச்சு, முன்கையைத் திருப்பி மடக்கினாங்க. டக்குன்னு உள்ள ஏறிக்கிச்சு. ஏறிக்கிச்சில்ல? பின்ன அதை எதுக்கு அவ்வளவு பெரிசா எழுதணும். சின்னப் புள்ளைங்களுக்கு அது சகஜமா எறங்குமாம், அந்தம்மாவே சொன்னாங்க.

அப்பத்தான் சுகந்தி எந்திரிச்சா. பன்னெண்டு வருஷத்துல வெளி ஆளுங்க முன்னாடி எங்கிட்ட வாய் தொறக்காதவ. "போதுங்க"ன்னா. ஒரே வார்த்தை. சத்தமாக்கூடச் சொல்லலை. ஆனா எல்லாருக்கும் கேட்டுச்சு.

பேசணும் வான்னு கூட்டிட்டுப் போனேன். அதைத்தான் தரதரன்னு இழுத்துட்டுப் போனேன்னு எழுதியிருக்காங்க. தலைமுடியைப் புடிச்சிருந்தேன், உண்மை. கூட்டத்துல நடக்கணும்ல. வாஷ்பேசினுக்குப் பக்கத்துல கதவு. வெயிலுக்காக யாரோ தொறந்து வெச்சிருந்தாங்க. தொறந்தது நான் இல்லை.

நான் உள்ளதான் நின்னேன். அவ முதுகு வெளிப் பக்கம். வலது கையில கம்பியைப் புடிச்சிருக்கேன், இடது கையில அவ கழுத்தைப் புடிச்சிருக்கேன். அவ கால் ரெண்டும் உள்ளதான் இருந்துச்சு, குதிகால் மட்டும் வெளிய. "இப்பச் சொல்லு, போதுமா? போதுமா?"ன்னு கேட்டேன். அவ பதில் சொல்லலை. கழுத்தைப் புடிச்சிருந்தா எப்படிச் சொல்றது, அது எனக்கு அப்பத் தோணலை. ஆனா நான் விட்டிருக்க மாட்டேனுங்க. எனக்குத் தெரியும். பதினேழு வருஷமா ஓடற வண்டியில தொங்கிட்டுப் போயிருக்கேன், ஒரு கை எவ்வளவு பாரம் தாங்கும்னு எனக்குத் தெரியாதா? பயமுறுத்தத்தான். அவ பயந்தா, அதோட முடிஞ்சிருக்கும்.

பிரணிதா பின்னாடியே வந்திருக்கா. மூக்குல துணியைப் புடிச்சுக்கிட்டு. ஒரு செகண்டு பாத்திருக்கா. அம்மான்னு கத்தலை, என்னை வந்து புடிக்கலை. கதவுக்கு அடுத்தாப்புல இருந்த சீட்டுல, யாரோ ஒரு தாத்தா படுத்திருக்க, அவர் மேலயே ஏறி, சங்கிலியை ரெண்டு கையாலயும் புடிச்சுத் தொங்கிட்டா.

எனக்கு முதல்ல சத்தந்தான் கேட்டுச்சு. உஸ்ஸுன்னு. காத்து ஒழுகற சத்தம். எந்தக் கூட்டத்துலயும் என்ற காதுக்கு அது கேக்கும். இழுத்த உடனே வண்டி நிக்காதுங்க. காத்து எறங்கணும், டிரைவரு காத்தழுத்தம் காட்டற முள்ளைப் பாக்கணும், அப்பறம் அவர் பிரேக்குப் போடணும். நான் எண்ணினேன். நாப்பத்தொரு செகண்டு. நூறு கிலோமீட்டர் வேகத்துல போற வண்டி, நாப்பத்தொரு செகண்டுல நின்னுச்சுங்க. ஒரு பெட்டி இடிக்கலை, ஒரு சக்கரம் வழுக்கலை. அதுதான் வேலை. எண்ணி முடிச்சப்பறம்தான் பாத்தேன், அவ கழுத்துல இருந்து கையை இன்னும் எடுக்கலைன்னு.

யோசிச்சுப் பாருங்க. பிரேக்குப் புடிக்கற ஆட்டத்துல என்ற கை நழுவியிருந்தா? சுகந்தி போயிருப்பா. அந்தப் பாவம் யாருது? சங்கிலி இழுத்த புள்ளையோடது. அதை அவளுக்கு எடுத்துச் சொல்லணும்னுதான் நாலரை மாசமா நெனைச்சுட்டு இருக்கேன். சொல்ல விட மாட்டேங்கறாங்க. இப்ப அவங்க காங்கேயத்துல சுகந்தியோட அண்ணன் வீட்டுல, அவன் கோர்ட்டுல ஒரு பேப்பர் வாங்கி வெச்சிருக்கான். அவங்க வீட்டுக்கு, பள்ளிக்கூடத்துக்கு, நூறு மீட்டருக்குள்ள நான் வரக் கூடாதாம். பெத்த அப்பனுக்கு மீட்டர் அளந்து குடுக்கறாங்க.

வண்டி நின்னதும் நான் என்ன பண்ணினேன் தெரியுமா? காத்து ஒழுகிட்டிருக்கறப்ப என்ற கை சும்மா இருக்காது. சுகந்தியை வாஷ்பேசின் கிட்ட உக்கார வெச்சிட்டு, கீழ எறங்கி, பெட்டிக் கடைசியில இருக்கற வால்வைத் திருப்பி, நானே சரி பண்ணினேன். பின்பெட்டியில இருந்து ரயில் கார்டு ஓடி வர்றதுக்குள்ள வேலை முடிஞ்சுது. ஐடி கார்டைக் காட்டி, அரைகுறை இங்கிலீஷ்ல ஸ்டாஃப்னு சொன்னேன். அந்தாளு கை குடுத்தாரு. "யாரு இழுத்தது?"ன்னாரு. "என்ற பொண்ணு, விளையாட்டுக்கு"ன்னேன். எழுதிக்கிட்டாரு. அடுத்த ஸ்டேஷன்ல ரயில்வே பாதுகாப்புப் படை ஆளுங்க வந்து கேப்பாங்க, கேட்டுட்டு விட்டுருவாங்கன்னாரு.

நான் திரும்பி ஏறினப்ப பிரணிதா சங்கிலிக்குக் கீழயே நின்னுட்டு இருந்தா. நான் அவளை ஒண்ணும் பண்ணலை. எல்லாரும் பாத்துட்டு இருந்தாங்க.

ஸ்டேஷன்ல எங்களை எறக்கினாங்க. ஒரு சப்-இன்ஸ்பெக்டரு, வெள்ளை மீசை, இந்திக்காரரு. பிளாட்ஃபாரத்துலயே ஒரு பெஞ்சுல உக்காந்து பேப்பரை விரிச்சாரு. பேச்சு புரியணுமேன்னு பாத்தா, இந்த நர்ஸ் அம்மா பொட்டியைத் தூக்கிட்டு எறங்கி வந்து நிக்கறாங்க. "நான் சொல்லித் தரேன்"ங்கறாங்க. வண்டி கெளம்புது, அவங்க ஏறலை. மறுநாள் டூட்டிக்குப் போகவேண்டியவங்க. ஊரான் வீட்டு விசயத்துல அத்தனை அக்கறை.

ஆனா கதவுகிட்ட நடந்ததை அந்தம்மா பாக்கலை. மித்ராவை மடியில வெச்சுட்டு உள்ள இருந்தாங்க. பாத்தது பிரணிதா ஒருத்திதான்.

மொதல்ல சுகந்தியைக் கேட்டாங்க. சேலைத் தலைப்பைக் கழுத்தைச் சுத்திப் போட்டிருந்தா. என்னைப் பாத்தா. "ஒண்ணும் நடக்கலைங்க"ன்னா. கொரல் கரகரன்னு வந்துச்சு, ஆனா சொன்னா. அவ அப்படித்தான், நல்லவ.

அப்ப அந்த சப்-இன்ஸ்பெக்டரு சொன்னாரு. ஒண்ணும் நடக்கலைன்னா, சங்கிலியைக் காரணமில்லாம இழுத்திருக்கு. காரணமில்லாம இழுத்தா குத்தம். காரணம் இருந்துச்சுன்னா அது வேற குத்தம், வேற ஆளு மேல. எதுன்னு இழுத்த புள்ளை சொல்லட்டும்னாரு.

நான் குனிஞ்சு பிரணிதா காதுல சொன்னேன், "விளையாட்டுக்கு இழுத்தேன்னு சொல்லிரு அம்மிணி, அப்பா பாத்துக்கறேன்." என்ற வேலை போயிருமுங்களே. வேலை போனா யாரு சோறு போடறது? அவங்களுக்காகத்தான் சொன்னேன்.

சொல்லிட்டா. "விளையாட்டுக்கு இழுத்தேன்." ஒப்பிக்கற மாதிரி, நேரா நின்னு. நான் சொல்லிக் குடுத்தா அவ தப்பவே மாட்டா.

அந்தாளு நம்பலை. எனக்குப் பாத்தாத் தெரிஞ்சுது. புள்ளை மூக்கைப் பாத்தாரு, சுகந்தி கழுத்தைப் பாத்தாரு. அப்பறம் மூஞ்சியைக் கடுகடுன்னு வெச்சுக்கிட்டு, நர்ஸ் அம்மாவை அப்படியே சொல்லச் சொன்னாரு. பயமுறுத்தி உண்மையை வாங்கறாராம். "விளையாட்டுக்குச் சங்கிலி இழுத்தா சட்டப்படி ஒரு வருஷம் ஜெயில். தெரியுமா?"

பிரணிதா அழலை. கொஞ்ச நேரம் யோசிச்சா. நான் கேள்வி கேட்டா யோசிப்பாளே, அதே மாதிரி ஒதட்டை உள்ள மடிச்சுக்கிட்டு. அப்பறம் நர்ஸ் அம்மாவைப் பாத்து, "அங்க அப்பா வருவாங்களா?"ன்னு கேட்டா.

அந்தம்மா இந்தியில சொன்னாங்க. அந்தாளு என்னை ஒரு தரம் பாத்துட்டு, வரமாட்டார்னாரு.

"ஒரு நாள்கூட வரமாட்டாங்களா?"

வரமாட்டார்.

"அப்ப அம்மாவையும் மித்ராவையும் கூட்டிட்டு வரலாமா?"

இதை இந்தியில சொல்றதுக்கு அந்த நர்ஸ் அம்மாவுக்கு ரெண்டு தடவை ஆச்சு. கேட்டுட்டு அந்தாளு பேனாவைக் கீழ வெச்சாரு. எழுதின தாளைக் கிழிச்சாரு. புதுத் தாள் எடுத்து, எந்திரிச்சு நின்னு, என்ற பேரு என்னன்னு கேட்டாரு. சுகந்தி பிளாட்ஃபாரத்துல அப்படியே கீழ உக்காந்து, கழுத்துல இருந்த தலைப்பை எடுத்துட்டா. அவங்க மூணு பேரும் அந்த நர்ஸ் அம்மாவும் ஒரு பக்கம், நான் ஒரு பக்கம்.

எனக்கு இன்னும் வெளங்கலைங்க. அந்தப் புள்ளை எம்மேல ஒரு குத்தமும் சொல்லலையே. ஒரு வார்த்தை சொல்லலை. என்னைக் காப்பாத்தத்தான் பாத்துச்சு. எம்மேல அத்தனை பாசம். ஜெயில்னா என்ன எடம்னு அதுக்குத் தெரியாது, அவ்வளவுதான். பிரேக்கு, சிக்னலு, கல்லு எண்ணறது, எல்லாம் சொல்லிக் குடுத்த நான், அதை மட்டும் சொல்லிக் குடுக்காம விட்டுட்டேன். இன்னைக்குச் சொல்லிக் குடுக்கணும். அவளுக்கு என்னைப் பாத்தாப் போதும், புரிஞ்சுக்குவா. வரலைன்னாலும் கூட்டிட்டுப் போயிருவேன். ரெண்டு டிக்கெட் போட்டிருக்கேன், சாயங்கால வண்டிக்கு. பாஸு இப்பக் கெடையாது, காசு குடுத்துத்தான் போட்டேன்.

எந்தப் பள்ளிக்கூடமுங்களா? பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னாடி இருக்கே, பச்சைக் கேட்டு, அதுதான். ஆறாவது. நாலே காலுக்கு விடுவாங்க. அவ மாமன்தான் வண்டியில வந்து கூட்டிட்டுப் போவான், நாலரைக்குத்தான் வருவான். கால் மணி நேரம் இருக்கு எனக்கு.

யாருக்குங்க போன் பண்றீங்க? வீட்டுக்கா? பண்ணுங்க, பண்ணுங்க. பச்சைக் கேட்டுன்னு அவங்ககிட்ட எதுக்குங்க சொல்றீங்க?

காங்கேயம் வந்திருச்சு. கொஞ்சம் காலை மடக்குங்க, நான் எறங்கணும்.

ஏனுங்க, கேக்கலையா? எந்திரிச்சு வழி விடுங்க.

எதுக்கு முன் சீட்டுக் கம்பியைப் புடிச்சுட்டு இப்படி உக்காந்திருக்கீங்க? பஸ் கெளம்பிரும். இத்தனை நேரம் உங்ககிட்ட மனசு விட்டுப் பேசினேன், மரியாதையாத்தானே பேசினேன். கையை எடுங்க.

கையை எடுன்னு சொல்றேன்.